யாரும் சுற்றாத கைப்பிடி

மானிட்டோபாவில் லிண்டன்டால் என்கிற ஊரில், யுஸ்டினா ஹீபர்ட் வீட்டு ஐஸ்கிரீம் வாளி 1931ஆம் ஆண்டு ஜூன் மாதம் இரண்டாம் ஞாயிறு தொடங்கித் தானாகவே சுற்ற ஆரம்பித்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும்தான். மற்ற ஆறு நாளும் அது எல்லா வீட்டு வாளிகளையும் போல, யாராவது கைப்பிடியைப் பிடித்து முக்கால் மணி நேரம் சுற்றினால்தான் சுற்றும். அந்த வாரம் முட்டை டஜன் ஒன்பது சென்ட்டுக்கு இறங்கியிருந்தது. தெற்கு வயல்களில் வெட்டுக்கிளி தென்பட்டிருந்தது. ஊர் முதலில் பேசியது முட்டையைப் பற்றித்தான்.

வாளி ஏலத்தில் வந்தது. ஐந்து வருடங்களுக்கு முன் ஊரின் கிறிஸ்தவச் சபையில் பாதிப் பேர் பராகுவேக்குக் குடிபெயர்ந்தபோது, அந்த வெயிலில் பனிக்கட்டிக்கு எங்கே போவது என்று ஒரு குடும்பம் அதை விட்டுவிட்டுப் போனது. பைன் பலகையில் செய்த வாளி, அதற்குள் உயரமான தகர டப்பா, டப்பாவுக்குள் மரத்துடுப்பு, மேலே பல்சக்கரமும் கைப்பிடியும். டப்பாவைச் சுற்றி உடைத்த பனிக்கட்டியும் கல் உப்பும் போட்டுச் சுற்ற வேண்டும். க்ரீம் இறுக இறுக வாளி தரையில் நடக்க ஆரம்பிக்கும் என்பதால் ஒருவர் சுற்றும்போது இன்னொருவர் சாக்கை மடித்துப் போட்டு அதன்மேல் உட்கார வேண்டும். ஹீபர்ட் வீட்டில் சுற்றுவது கொர்னீலியுஸ், உட்காருவது யுஸ்டினா. கல்யாணமாகி ஆறு வருடத்தில் அவர்கள் பேசாமல் இருந்த நாட்களும் உண்டு. அந்த நாட்களில்கூட, வாளிமேல் உட்கார்ந்து, குனிந்து சுற்றுகிற அவனுடைய உச்சந்தலையைப் பார்த்துக்கொண்டிருந்தால் க்ரீம் இறுகுவதற்குள் அவள் கோபம் இளகிவிடும். குழந்தை இல்லை. அதைப் பற்றி ஊர் சொன்னதை இங்கே எழுத வேண்டியதில்லை.

லிண்டன்டால் சபை கண்டிப்பானது. மென்னோனைட் சபைகளிலேயே கண்டிப்பானது என்று அதன் ஆட்களே கொஞ்சம் பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள். சனி மாலை ஆறு அடித்தால் எல்லோரும் கையை உதறிவிட வேண்டும். ஞாயிறன்று மாட்டுக்குத் தீனி போடலாம், பால் கறக்கலாம், காப்பி கொதிக்க வைக்கலாம், அதற்குமேல் எது செய்தாலும் அது வேலை, கூடாது. ஆனால் ஞாயிறு மதியத் தூக்கம் முடிந்ததும் மூன்று மணிக்கு விருந்தாளிகள் வருவார்கள். யார் வருவார்கள், எத்தனை பேர் என்று யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை, கேட்பதும் இல்லை. ஃபாஸ்பா என்கிற அந்த மாலைச் சாப்பாட்டுக்கு முதல்நாளே எல்லாம் செய்து மூடி வைத்திருக்க வேண்டும். இரட்டை ரொட்டி, ஜாம், சர்க்கரைக் கட்டி, ப்ளாட்ஸ். ப்ளாட்ஸ் என்றால் தட்டில் மாவைப் பரப்பி, அதன்மேல் பழத்தை அடுக்கி, வெண்ணெயும் மாவும் சர்க்கரையும் பிசிறிய உதிரியைத் தூவிச் சுட்டது. இதையெல்லாம் சனியன்றே செய்துவிடலாம். ஐஸ்கிரீமைச் சனியன்று செய்தால் ஞாயிறுவரை நிற்காது. அதனால் லிண்டன்டாலில் யாரும் ஞாயிற்றுக்கிழமை ஐஸ்கிரீம் சாப்பிட்டதே இல்லை.

வாளி தானாகச் சுற்றியதற்கு முதல்நாள், சனியன்று, யுஸ்டினா விருந்தாளிகளுக்கு ரூபார்ப் ப்ளாட்ஸ் செய்தாள். ரூபார்ப் என்கிற அந்தப் புளிப்புத் தண்டு தண்ணீர் விடும், உதிரியைச் சொதசொதப்பாக்கிவிடும் என்பதால் உதிரியைத் தனியாக ஒரு தட்டில் பரப்பி, பழுப்பாகும்வரை சுட்டு, ஒரு நீலப் பீங்கான் கிண்ணத்தில் எடுத்து வைத்தாள். பக்கத்தில் அதே மாதிரி இன்னொரு நீலக் கிண்ணத்தில் சர்க்கரை. மிஞ்சிய ரூபார்ப்பைப் பாகாக வேகவைத்து, முட்டையும் க்ரீமும் காய்ச்சி, தனக்கும் கொர்னீலியுஸுக்கும் மட்டும் மாலையில் ஐஸ்கிரீம் என்று நினைத்திருந்தாள். ஐந்து மணிக்கு ரெம்பல் வீட்டிலிருந்து ஆள் வந்தது. கிழவர் போய்விட்டார். ஊரில் தச்சன் கொர்னீலியுஸ்தான். ஆறு மணிக்குள் சவப்பெட்டி செய்தாக வேண்டும். அவன் உளியோடு ஓடினான். அவள் தனியாக டப்பாவில் க்ரீமை ஊற்றினாள், ரூபார்ப்பை ஊற்றினாள், அவசரத்தில் சர்க்கரைக் கிண்ணம் என்று நினைத்து உதிரிக் கிண்ணத்தைக் கவிழ்த்தாள். கவிழ்த்த பிறகுதான் பார்த்தாள். எடுக்க நேரமில்லை. சர்க்கரையையும் போட்டு, மூடி, பனிக்கட்டியும் உப்பும் அடைத்துச் சுற்றினாள். மேலே உட்கார ஆள் இல்லாத வாளி அடுப்படி முழுக்க நடந்தது. அவளும் பின்னாலேயே நடந்தாள். அடுப்படியைப் பாதி தாண்டியபோது கடிகாரம் ஆறு அடித்தது.

"அப்படியே கிட," என்று சொல்லிவிட்டுக் கையை எடுத்தாள். வாளியை நிலவறையில் இறக்கி, ஈரச் சாக்குப் போட்டு மூடினாள். திங்கட்கிழமை கன்றுக்குட்டிக்கு ஊற்றிவிடலாம்.

மறுநாள் மதியம் இரண்டேகாலுக்கு, ஊரே தூங்கிக்கொண்டிருந்தபோது, நிலவறையிலிருந்து கரகரவென்று சத்தம் வந்தது. இருவரும் இறங்கிப் போய்ப் பார்த்தார்கள். கைப்பிடி சுற்றிக்கொண்டிருந்தது. வேகமாகவும் இல்லை, மெதுவாகவும் இல்லை, வேலை தெரிந்த ஆள் சுற்றுகிற மாதிரி. மேலே யாரோ உட்கார்ந்திருப்பதுபோல வாளி இடத்தைவிட்டு நகரவில்லை. கொர்னீலியுஸ் மண்டியிட்டுப் பல்சக்கரத்தைக் கவனித்தான்.

"எண்ணெய் போடணும்," என்றான்.

"போடு."

"இன்னைக்கு ஞாயித்துக்கிழம."

மூன்று மணிக்குக் கைப்பிடி நின்றது. அதே நேரத்தில் ஏழு வண்டிகள் வாசலில் நின்றன. அந்த வருடம் அதுவரை யார் வீட்டுக்கும் அத்தனை வண்டி வந்ததில்லை. உதிரி இல்லாத ப்ளாட்ஸ் பத்துப் பேருக்குத்தான் காணும், வந்திருந்தவர்கள் இருபத்து மூன்று. மேசையில் இருப்பது பற்றாமல் போவது லிண்டன்டாலில் ஒரு பெண்ணுக்கு நேரக்கூடிய பெரிய அவமானம். யுஸ்டினா டப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்து மேசைமேல் வைத்தாள். ரூபார்ப் பாகில் க்ரீம் இளஞ்சிவப்பாகியிருந்தது. உதிரி வெளியே மெத்தென்று ஊறி, நடுவில் மொறுமொறுப்பு விடாமல், வெண்ணெயின் உப்போடு பல்லில் அகப்பட்டது. சபையின் தலைவரான மூப்பர் ஹார்டர் இரண்டு கிண்ணம் சாப்பிட்டார். தாடியைத் துடைத்துக்கொண்ட பிறகுதான் அவருக்கு அன்று என்ன கிழமை என்று நினைவு வந்தது.

"நேத்து சுத்துனதாம்மா இது?"

"இல்ல மூப்பரே. இன்னைக்குத்தான் சுத்துச்சு."

"யாரு சுத்தினா?"

"யாரும் சுத்தல."

அடுத்த பண்ணைக்காரன் ஐசக் லோவன் தன் கிண்ணத்தை நீட்டினான். "அப்ப எனக்கு இன்னும் கொஞ்சம் போடு. யாரும் சுத்தாதது, யாரும் தின்னாத மாதிரியே இருந்துட்டுப் போகட்டும்."

மூப்பர் சிரிக்கவில்லை. அவர் கெட்டவர் அல்ல. ஞாயிறன்று தன் குதிரைக்கு லாடம் தளர்ந்தால்கூட திங்கள்வரை வீட்டிலேயே இருந்துவிடுகிற ஆள். தான் தின்ற இரண்டு கிண்ணமும் வயிற்றில் கனப்பதாக அவர் மனைவி லேனாவிடம் அன்றிரவு சொன்னதாகத் தெரிகிறது. லேனா, தனக்கு அப்படி எதுவும் கனக்கவில்லை என்று சொன்னாளாம்.

வியாழனன்று சபையின் ஆண்கள் கூடினார்கள். கொர்னீலியுஸ் சபையில் பாட்டு எடுத்துக்கொடுக்கிறவன் என்பதால் முன்வரிசையில் அவனுக்கு இடம் உண்டு. காற்றாலை ஞாயிறன்றும் சுற்றுகிறதே, அதற்கு யாரும் மன்னிப்புக் கேட்பதில்லையே என்றான். காற்றாலையைச் சுற்றுவது காற்று, காற்றை அனுப்புவது ஆண்டவர், இதைச் சுற்றுவது யார் என்றார் மூப்பர். அதைத்தான் நானும் கேட்கிறேன் என்றான் கொர்னீலியுஸ். விளக்கு ஏற்றும் நேரம்வரை பேசி, வாளி யாருடையதோ வேலையும் அவருடையதே என்று முடிவு செய்தார்கள். யுஸ்டினா சபைமுன் முழங்கால் போட்டு, ஞாயிறன்று நான் வேலை செய்தேன் என்று சொல்லி மன்னிப்புக் கேட்க வேண்டும். அறுவடை நன்றிப் பண்டிகைவரை தவணை. அதற்குள் கேட்காவிட்டால் விலக்கு. விலக்கப்பட்டவர் இருக்கும் மேசையில் சபையார் யாரும் உட்கார்ந்து சாப்பிடக்கூடாது. கட்டிய கணவனும் கூடாது.

இதைச் சொல்ல இரண்டு போதகர்கள் வீட்டுக்கு வந்தபோது யுஸ்டினா உருளைக்கிழங்குப் பாத்தியில் களை பிடுங்கிக்கொண்டிருந்தாள். எழுந்திருக்காமலே கேட்டுக்கொண்டாள்.

"நான் சுத்தலையே."

"சுத்தினேன்னு ஒரு வார்த்த சொல்லிட்டா முடிஞ்சுது, சகோதரி. ஒரு நிமிஷ வேல."

"சுத்தாதவ சுத்தினேன்னு சொன்னா அது பொய்யி. அந்தப் பொய்க்கு இன்னொரு தடவ முழங்கால் போடணும். எனக்கு இருக்கறதே ரெண்டு முழங்காலு. களை பிடுங்கவும் அதுதான் வேணும்."

போதகர்கள் சமாதானமாக ஒரு வழி சொன்னார்கள். சனியன்று க்ரீம் ஊற்றாமல் விட்டுவிடலாமே. அது வேலைநாள் வேலை, அதில் தவறு இல்லை என்பதால் அவள் ஊற்றுவதையும் குற்றமென்று சொல்ல முடியவில்லை, ஆனால் விட்டுப் பார்க்கலாம் அல்லவா. யுஸ்டினா நியாயம் பார்க்கிறவள். அந்த வாரம் வாளியைக் காலியாக விட்டாள். ஞாயிறு இரண்டேகாலுக்குக் காலி டப்பாவுக்குள் மரத்துடுப்பு சுழன்று அடித்த அடியில் தெருக்கோடிவரை தூக்கம் போனது. குழந்தைகள் அழுதன. வாத்துகள் குட்டையை விட்டு ஏறிவிட்டன. கயிறு போட்டுக் கட்டினார்கள். கயிறு கைப்பிடியோடு சேர்ந்து சுற்றி, கட்டியவனின் தொப்பியைத் தட்டிவிட்டது. அதற்கடுத்த சனியன்று அவள் க்ரீம் ஊற்றினாள். சத்தம் போடாமல் இருக்க அதற்குக் க்ரீம் தேவைப்படுகிறது என்றால் அதை ஊற்றுவதுதானே முறை. தவறிப்போய் விழுந்த உதிரியை இப்போது தெரிந்தே போட்டாள். இன்னும் கொஞ்சம் கருகச் சுட்டு, இன்னும் கொஞ்சம் உப்புச் சேர்த்து. வாளியைத் தெருவைப் பார்த்த வாசலில் வைத்து, பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு, வெள்ளைக் கைக்குட்டையால் தன் இரண்டு கைகளையும் சேர்த்துக் கட்டி மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். முடிச்சுப் போட்டுவிட்டது கொர்னீலியுஸ். கைக்குட்டைக்கு முடிச்சுப் போடுவது வேலையில் சேராது. போகிறவர் வருகிறவரெல்லாம் பார்க்கட்டும் என்று அந்தக் கோடை முழுவதும் அப்படித்தான் உட்கார்ந்திருந்தாள். ரூபார்ப் முடிந்து சாஸ்கட்டூன் பழம் வந்தது, அது முடிந்து காட்டுப் பிளம் வந்தது. நன்றிப் பண்டிகையும் வந்தது. அவள் முழங்கால் போடவில்லை.

அன்று விலக்கு அறிவிக்கப்பட்டபோது பாட்டு எடுத்துக்கொடுக்க வேண்டிய கொர்னீலியுஸ் எழுந்து நின்று வாயைத் திறந்தான். சத்தம் வரவில்லை. வேறொருவர் எடுத்துக்கொடுத்தார். யுஸ்டினா பெண்கள் பக்கத்தில் மூன்றாவது பெஞ்சில் தன் வழக்கமான இடத்திலேயே உட்கார்ந்திருந்தாள். இரண்டு பக்கமும் இருந்தவர்கள் ஒரு முழம் தள்ளிக்கொண்டார்கள். அவள் கால் நீட்டி உட்கார்ந்துகொண்டாள்.

மாலை மூன்று மணிக்கு வாசலில் ஒரு வண்டிகூட இல்லை. மேசையில் ரொட்டி, ஜாம், பிளம் ஐஸ்கிரீம். கொர்னீலியுஸ் உள்ளே வந்தான். மேசையைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். பாட்டுக்காரனாக அவன் தாத்தா இருந்தார், அப்பா இருந்தார். சட்டத்தை மீறினால் அடுத்த விலக்கு அவனுக்குத்தான் என்பது அவளுக்கும் தெரியும். அவன் தன் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு மேசையிலிருந்து ஓரடி தள்ளி நின்றான். நின்றபடியே சாப்பிட ஆரம்பித்தான்.

"மேசையிலன்னுதான் சட்டம்," என்றான் வாயில் உதிரியோடு. "நிக்கறதப் பத்தி ஒண்ணும் சொல்லல."

"எத்தன நாளைக்கு நின்னுக்கிட்டே திம்பே?"

"இன்னைக்கு மட்டுந்தான். ரம்பத்தத் தொட முடியாத நாளாப் போச்சே."

திங்கட்கிழமை விடிந்ததும் அவன் அந்த ஓக் மேசையைக் குறுக்கே இரண்டாக அறுத்தான். கல்யாணத்துக்காக அவனே செய்த மேசை அது. அறுத்த பக்கத்துக்குப் புதிதாகக் கால் வைத்து, இரண்டு பாதிகளையும் கிட்டத்தில் நகர்த்தினான். எவ்வளவு தள்ளி வைக்கணும் என்று கேட்டாள். சட்டத்தில் அளவு இல்லை என்று சொல்லி, தன் இரண்டு விரலை நடுவில் வைத்துப் பார்த்து, அத்தோடு விட்டான். யுஸ்டினா மேலே ஒரே விரிப்பைப் போட்டாள். அதன் பிறகு அவர்கள் முன்போலவே எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டார்கள், அவன் தன் மேசையில், அவள் தன் மேசையில். உப்பு வேண்டுமென்றால் விரிப்பின்மேல் தள்ளிவிடுவார்கள். பள்ளத்தில் ஒருமுறை குலுங்கிவிட்டு உப்புக் கிண்ணம் அந்தப் பக்கம் போய்ச் சேரும். இரவில் அவள் விளக்கை அணைத்த பிறகு சில நாள் அழுதாள் என்பதும் உண்மைதான். ஆனால் முழங்கால் போடலாமா என்று ஒருநாளும் யோசிக்கவில்லை. அவனும் ஒருநாளும் கேட்கவில்லை. அவன் கேட்காததுதான் அவளை நிமிர்ந்து நடக்க வைத்தது.

நான்காவது ஞாயிறு ஐசக் லோவன் வந்தான். வாசலுக்குள் வந்து நின்று, உட்காரத் தனக்கு அனுமதி இல்லை, நிற்பதற்கு யாராவது தடை போட்டிருக்கிறார்களா என்று கேட்டான். கொர்னீலியுஸ் ஒரு கிண்ணத்தை நீட்டினான். அடுத்த வாரம் ஐசக்கின் மனைவியும் மைத்துனன்மாரும் வந்து நின்றார்கள். பனிக்காலத்தில் வெளியே நிற்க முடியாமல், வீட்டோடு சேர்ந்த தொழுவத்தில் மாடுகளுக்கு நடுவில் நின்று காய்ந்த ஆப்பிள் போட்ட ஐஸ்கிரீமைச் சாப்பிட்டார்கள். அந்த வருடமும் அடுத்த வருடமும் கோதுமை விலை போகவில்லை. மண் காற்றில் பறந்தது. வெட்டுக்கிளி வேலிக் கம்பத்தைக்கூட அரித்தது. ரூபார்ப்பை மட்டும் எதனாலும் ஒன்றும் செய்ய முடியவில்லை. பால் அவரவர் வீட்டிலிருந்து கொண்டுவந்தார்கள், பழம் கிடைத்தவர்கள் பழம். உதிரி மட்டும் யுஸ்டினா. 1933ஆம் ஆண்டு கோடையில் ஞாயிறு மூன்று மணிக்கு அவள் வாசலில் நாற்பது பேர் நின்றார்கள். லேனா ஹார்டர் பின்வரிசையில், கிண்ணத்தைச் சால்வைக்குள் வைத்துக்கொண்டு, தான் நிற்கவே இல்லை என்பது போன்ற முகத்தோடு நிற்பாள்.

மூப்பர் வீட்டு ஃபாஸ்பாவுக்கு ஆள் வருவது நின்றுபோனது. அதனால்தான் அவர் வாளியை நிறுத்த வந்தார் என்று சிலர் சொல்வார்கள். அது நியாயமில்லை. சபைக்கு முன்னால் தான் வாசித்த சட்டம் காலில் மிதிபடுவதாக அவர் உண்மையாகவே நம்பினார். ஆகஸ்ட் மாதத்து ஒரு ஞாயிறு, மதியத் தூக்கத்தையும் விட்டுவிட்டு, இரண்டு மணிக்கெல்லாம் தனியாக நடந்து வந்தார். யுஸ்டினா கையைக் கட்டிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். மூப்பர் போவதைப் பார்த்து ஒவ்வொருவராக வேலியோரம் வந்து நின்றார்கள்.

"இன்னையோட இத நிறுத்தறேன்," என்றார் மூப்பர். கறுப்புக் கோட்டைக் கழற்றாமலே குனிந்து, கைப்பிடியை இரண்டு கையாலும் இறுகப் பிடித்துக்கொண்டார். கலப்பை பிடித்த கை. இரண்டேகால் ஆனது. கைப்பிடி புறப்பட்டது. மூப்பரின் கைகளும் கூடவே புறப்பட்டன. அவர் கால்களை அகட்டி ஊன்றினார், பல்லைக் கடித்தார், பின்பக்கமாகச் சாய்ந்தார். கைப்பிடி அவரை ஒரு பொருட்டாகவே எடுத்துக்கொள்ளவில்லை, மேலே போனபோது அவரும் நிமிர்ந்தார், கீழே போனபோது அவரும் குனிந்தார். விட்டிருக்கலாம். கைகளை எதுவும் பிடித்து வைத்திருக்கவில்லை. ஆனால் விட்டால் தோற்றதாகிவிடும் என்று அவர் விடவில்லை. நாற்பது பேர் பார்த்துக்கொண்டிருக்க, லிண்டன்டால் சபை மூப்பர் ஞாயிற்றுக்கிழமை மதியம் முக்கால் மணி நேரம் ஐஸ்கிரீம் சுற்றினார். உப்புத் தண்ணீரில் கோட்டின் கையெல்லாம் நனைந்தது.

லேனாதான் முதலில் பேசினாள். "முப்பது வருஷமா வெண்ண கடைஞ்சு குடுங்கன்னு கேக்கறேன். தோள் வலி தோள் வலின்னீங்க. இப்ப எங்க போச்சு அந்த வலி?"

வேலியோரம் எல்லோரும் சிரித்தார்கள். யுஸ்டினா சிரிக்கவில்லை. மூன்று மணிக்குக் கைப்பிடி நின்றதும், மூப்பர் மூச்சு வாங்கட்டும் என்று காத்திருந்தாள். பிறகு மரியாதையாகவே கேட்டாள்.

"இன்னைக்கு யாரு சுத்தினா மூப்பரே?"

அவர் தன் கைகளைப் பார்த்தார். சிவந்து கொப்புளம் கட்டியிருந்தன. இவ்வளவு பேருக்கு முன்னால் சொல்வதற்கு அவரிடம் ஒரே ஒரு உண்மைதான் இருந்தது. அவர் பொய் சொல்லிப் பழகாதவர்.

"நான் சுத்தல," என்றார்.

"அதத்தான் நானும் ரெண்டு வருஷமாச் சொல்லிக்கிட்டு இருக்கேன்."

வியாழக்கிழமை ஆண்கள் கூடினார்கள். பார்த்த கண் நாற்பது ஜோடி இருந்ததால் பேசாமல் விட முடியவில்லை. சட்டப்படி மூப்பர் முழங்கால் போட வேண்டும். மூப்பர் எழுந்து, செய்யாததைச் செய்தேன் என்று ஆண்டவர்முன் சொல்லத் தனக்கு நா எழவில்லை என்றார். இதே காரணத்தை இதற்கு முன்பே ஒருவர் சொல்லியிருக்கிறார், அப்போது நமக்குக் காது கேட்கவில்லை என்றார். சபைப் பதிவேட்டில் அன்றைய தேதி மட்டும் எழுதியிருக்கிறது. கீழே அரைப் பக்கம் வெறுமையாக இருக்கிறது.

அதே இரண்டு போதகர்கள் மறுபடி வந்தார்கள். யுஸ்டினாவைச் சபை திரும்ப ஏற்றுக்கொள்கிறது என்று சொன்னார்கள். அவள் பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள்.

"நான் எங்கயும் போகலையே. மூணாவது பெஞ்சுலதான் இருக்கேன். தள்ளி உக்காந்தவங்கள வரச் சொல்லுங்க."

கொர்னீலியுஸ் அன்று மாலையே பசையும் இறுக்குச் சட்டமும் எடுத்து வைத்துவிட்டான். இரண்டு வருடமாக அந்த இடைவெளிக்கு அளந்து வைத்திருந்த மெல்லிய ஓக் பட்டை ஒன்றை அவன் பட்டறையிலிருந்து எடுத்து வந்தபோதுதான் அவன் அதை எப்போதோ செய்து வைத்திருந்தான் என்பது அவளுக்குத் தெரிந்தது. கண் கலங்கிவிட்டது. ஆனாலும் அவன் கையைப் பிடித்துக்கொண்டு, இப்போது வேண்டாம் என்றாள். பார்க்க வேண்டியவர் ஒருவர் பாக்கி இருக்கிறார்.

அவர் ஞாயிறு மூன்று மணிக்கு லேனாவோடு வண்டியில் வந்தார். வாசலில் நின்றவர்கள் வழிவிட்டார்கள். நிற்கட்டுமா, உட்காரட்டுமா என்று மூப்பர் கேட்டார். உள்ளே வாங்க என்று யுஸ்டினா கூட்டிக்கொண்டு போனாள். மேசையில் அன்று விரிப்புப் போடவில்லை. அறுத்த விளிம்புகளை அவர் அப்போதுதான் பார்த்தார்.

"இதென்ன?"

"உங்க சட்டந்தான் மூப்பரே," என்றான் கொர்னீலியுஸ். "ரெண்டு விரல் அகலம்."

மூப்பர் குனிந்து, கொப்புளம் ஆறாத தன் இரண்டு விரல்களை அந்த இடைவெளியில் வைத்துப் பார்த்தார். சரியாக இருந்தது. எந்தப் பக்கம் உட்காருவது என்று கேட்டார். யுஸ்டினா நாற்காலியை நடுவில் இழுத்துப் போட்டாள். கிண்ணத்தை இடைவெளியின்மேல் வைத்தாள், பாதி இந்த மேசையில், பாதி அந்த மேசையில். அவர் ஒரு காலை இந்தப் பக்கமும் ஒரு காலை அந்தப் பக்கமும் வைத்து உட்கார்ந்தார். முதல் வாய் போட்டார்.

"உதிரி கொஞ்சம் கருகிடுச்சோ?"

"வேணும்னேதான்," என்றாள் யுஸ்டினா. அவர் இன்னொரு கிண்ணம் கேட்டார்.

அதற்குப் பிறகு எல்லோரும் உள்ளே வந்து உட்கார்ந்து சாப்பிட்டிருக்கலாம். ஆனால் நின்று பழகிவிட்டார்கள். லிண்டன்டாலில் ஐஸ்கிரீமை நின்றுகொண்டுதான் சாப்பிடுவார்கள். வெளியூர் மாப்பிள்ளை யாராவது கிண்ணத்தோடு நாற்காலி தேடினால், உடம்புக்கு முடியலையா என்று கேட்பார்கள். போருக்குப் பிறகு மின்சாரம் வந்தது, கடையில் உறைபெட்டி வந்தது. அதில் செய்ததை ஒருமுறை சாப்பிட்டுப் பார்த்துவிட்டு, நன்றாகத்தான் இருக்கிறது என்று மரியாதைக்குச் சொன்னார்கள். 1952இல் வின்னிபெக்கிலிருந்து கல்லூரி ஆசிரியர் ஒருவர் வந்து, ஒரு புதன்கிழமை முழுக்க வாளியைக் கழற்றிப் பூட்டிப் பார்த்தார். உள்ளே பல்சக்கரம் தவிர ஒன்றும் இல்லை. ஞாயிறன்று வந்து பாருங்கள் என்று யுஸ்டினா சொன்னாள். ஞாயிறு தனக்கு விடுமுறை என்றார் அவர். வாளி அன்றைக்குத்தான் வேலை செய்கிறது, என்ன செய்வது என்று சொல்லி, அவருக்குப் புதன்கிழமை காப்பி கொடுத்து அனுப்பினாள்.

மேசை இன்னும் இரண்டாகத்தான் இருக்கிறது. சில வருடங்களுக்கு ஒருமுறை கொர்னீலியுஸ் அந்த ஓக் பட்டையை எடுத்துத் தூசி தட்டிக்கொண்டே, ஒட்டிடவா என்று கேட்பான். கிடக்கட்டும் என்பாள். யார் வீட்டில் கல்யாணப் பேச்சு நடந்தாலும் பெண்ணையும் பையனையும் அந்த மேசையில் எதிரெதிரே உட்கார வைத்து ஒருவேளை சாப்பாடு போடுகிற வழக்கம் எப்படி வந்தது என்று யாருக்கும் சரியாகத் தெரியாது. ஞாயிறு இரண்டேகாலுக்குக் கைப்பிடி புறப்படும்போது யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை, கிண்ணம் எடுக்கத்தான் எழுந்திருப்பார்கள். சாப்பிடச் சாப்பிட உதிரி அந்த இரண்டு விரல் சந்தில் விழுந்து கீழே தரையில் ஒரு கோடாகச் சேர்ந்திருக்கும். ஞாயிறன்று அதைப் பெருக்கக்கூடாது. இத்தனை வருடத்தில் துடைப்பம் ஒருநாளும் தானாக எழுந்து வந்ததில்லை. திங்கட்கிழமை காலையில் கொர்னீலியுஸ் மேசையின் ஒரு பாதியை நகர்த்துவான், யுஸ்டினா பெருக்குவாள். பெருக்கி முடித்ததும் அவன் இரண்டு விரலை வைத்து அளந்து, மறுபடி அதே இடத்தில் கொண்டுவந்து வைப்பான்.